ஜிரோனாவைப் பார்க்காத ரசிகர்

சிறி அண்ணையை அழவைக்க ஒரு முழு உதைபந்தாட்டப் பருவகாலம் முயன்றேன். அவர் அழவில்லை. நான்தான் அழுதேன். அதுவும் ஸ்பெயின் தேசத்தில், வரைபடத்தில் விரல் வைத்துக் காட்டத் தெரியாத ஓர் ஊரின் அணிக்காக.

சிறி அண்ணை என்று நான் சொல்வது ஸ்ரீஸ்கந்தராசாவை. கனடாவில், டோர்செட் பார்க்கில் நாங்கள் இருக்கும் மாடிக் கட்டடத்தில் என் வீட்டுச் சுவருக்கு மறுபக்கம் இருப்பவர். அறுபது வயதைத் தாண்டியவர். பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறார். காலையில் பிள்ளைகளை ஏற்றி இறக்குவார், பின்னேரம் மறுபடி ஏற்றி இறக்குவார். நடுவில் வீட்டுக்கு வந்து புட்டும் மீன்குழம்பும் சாப்பிட்டுவிட்டு ஒரு குட்டித் தூக்கம். மனைவி பாலேஸ்வரி அக்கா. ஒரே மகள் கஜனி, இருபத்து நாலு வயது, மருந்துக்கடையில் வேலை. இவ்வளவுதான் குடும்பம். வழக்கு இல்லை, சொத்துத் தகராறு இல்லை, ஓடிப்போன காதல் இல்லை. வாராவாரம் தமிழ்ப் பத்திரிகைக்குத் தொடர்கதை எழுதுகிற ஒருத்திக்கு இப்படியொரு அயலவர் வாய்ப்பது பெரிய துரதிர்ஷ்டம்.

என் கதைகள் வரும் பத்திரிகையைப் பலசரக்குக் கடை வாசலில் இலவசமாக அடுக்கி வைத்திருப்பார்கள். பாலேஸ்வரி அக்கா என் அத்தியாயத்தை வாசித்துக் கண்ணைத் துடைத்துவிட்டு, அதன் பிறகுதான் அதை விரித்து மீன் வெட்டுவார். அந்த ஒழுங்கை அவர் ஒருநாளும் மாற்றியதில்லை. அதை எனக்குக் கிடைத்த மரியாதையாகவே எடுத்துக்கொண்டிருக்கிறேன்.

இரண்டாயிரத்து இருபத்து மூன்றாம் ஆண்டு, ஓகஸ்ட் மாதத்து ஒரு சனிக்கிழமை, சிறி அண்ணை என் கதவைத் தட்டினார்.

"பிரதீபா, உம்மட வீட்டு ரீவியில ஸ்பெயின் லீக் வருதெல்லோ?"

மகன் வேலை கிடைத்துக் கல்கரிக்குப் போனபோது அந்தச் சந்தாவை நிறுத்த மறந்துவிட்டான். வருகிறது என்றேன்.

"அப்ப இண்டைக்கு ஜிரோனாவின்ர மச் இருக்கு. பாக்கவேணும்."

"வாங்கோ அண்ணை. உள்ள வந்து இருங்கோ. தேத்தண்ணி போடுறன்."

"நான் பாக்கிறேல்லை. நீர்தான் பாக்கவேணும். பாத்துப் பாத்து எனக்குப் போனில சொல்லவேணும். நான் அங்கால எங்கட வீட்டில இருப்பன்."

"அண்ணை, எனக்கு உதைபந்தாட்டம் அறவே தெரியாது."

"அதுதான் நல்லது. தெரிஞ்சவங்கள் ரெண்டுக்கு ஒண்டு எண்டு சொல்லிப்போட்டுப் போனை வைச்சிடுவாங்கள். நீர் ஒரு பெட்டை படியில இருந்து விழுறதை மூண்டு கிழமைக்கு எழுதின ஆள்."

அவர் அதைப் பாராட்டாகத்தான் சொன்னார். நானும் பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டேன். இரண்டு பேருக்கும் அதில் கொஞ்சம் சந்தேகம் இருந்தது.

"நீங்கள் ஏன் பாக்கக்கூடாது?"

"நான் பாத்தால் தோத்துப்போகும்," என்றார், இன்றைக்கு மழை வரும் என்று சொல்வதுபோல.

நான் நம்பவில்லை. ஒரு மனிதன் தான் நேசிப்பதைப் பார்க்க மறுக்கிறான் என்றால் அதற்குள் ஒரு கறுத்த விழிக்காரி இருக்கவேண்டும், ஒரு கைவிடப்பட்ட வாக்கு இருக்கவேண்டும், ஜிரோனா ரயில் நிலையத்தில் ஒரு கைக்குட்டையாவது இருக்கவேண்டும் என்று என் புத்தி ஓடியது. அன்றிரவே முதல் அத்தியாயத்துக்குத் தலைப்புக்கூட வைத்துவிட்டேன். அடுத்த நாள் பாலேஸ்வரி அக்கா தேநீரோடு உண்மையைச் சொல்லி, என் கறுத்த விழிக்காரியை ஒரே வாயில் விழுங்கினார்.

"பொம்பிளையோ? இவருக்கோ? உமக்கு விசர். இவருக்குக் கொள்ளிக்கண்ணாம். அவ்வளவுதான் சங்கதி."

கனடாவுக்கு வந்த புதிதில் சிறி அண்ணை பாண் சுடும் தொழிற்சாலை ஒன்றில் வேலை செய்தார். கூட வேலை செய்தவர் மரியோ, ஸ்பெயினின் வடமேற்கு மூலைக்காரர். மரியோவின் ஊர் அணி டெப்போர்ட்டிவோ. அதுவரை லீக்கை ஒருமுறைகூட வென்றதில்லை. தொண்ணூற்று நாலாம் ஆண்டு, கடைசி நாள் ஆட்டத்தில் ஒரேயொரு கோல் போட்டால் கிண்ணம் அவர்களுக்கு என்ற நிலை. மரியோவின் நிலவறையில் ஊர்க்காரர் கூடியிருந்து பார்த்தார்கள். இருக்க இடமில்லாததால் சிறி அண்ணை மேலே குசினியில் மரியோவின் அம்மாவுக்கு உருளைக்கிழங்கு சீவிக் கொடுத்துக்கொண்டிருந்தார். கடைசி நிமிடத்தில் பெனல்ரி கிடைத்தது. மரியோ கீழேயிருந்து கூப்பிட்டார்: "சிறீ! ஓடி வா! வந்து பார்!"

சிறி அண்ணை ஓடிப்போய்ப் பார்த்தார். அடித்த பந்து நேரே கோல் காப்பாளரின் கைக்குள் போய்ச் சேர்ந்தது. புள்ளிகள் சமம், ஆனால் கிண்ணம் பார்சிலோனாவுக்கு.

"அந்த அறை நிறைய ஆக்கள் இருந்தவை," என்று சிறி அண்ணை பின்னொருநாள் எனக்குச் சொன்னார். "ஒருத்தரும் அடிச்சவனைப் பேசேல்லை. திரும்பி என்னைத்தான் பாத்தவை. என்ர கையில கிழங்கு சீவின கத்தி."

ஆறு வருடம் கழித்து அதே அணி லீக்கை வென்றது. அன்று சிறி அண்ணை பார்க்கவில்லை. அதையும் அவர் ஆதாரமாகச் சேர்த்துக்கொண்டார். பிறகு அந்த அணி கீழ்ப் பிரிவுக்கு இறங்கிப்போக, அவர் மனம் இன்னொரு சின்ன ஊரான ஜிரோனாவின் அணிக்கு மாறியது.

இத்தோடு நின்றிருந்தால் சிரித்துவிட்டுப் போயிருக்கலாம். ஆனால் கஜனிக்கு எட்டு வயதில், ஊர்ச் சங்கத்தின் விளையாட்டுப் போட்டியில் அவள் ஓடினாள். முதலாவதாக ஓடிவந்தவள், கோட்டுக்குச் சற்று முன்னால், அப்பா நிற்பதைக் கண்டு சிரித்தாள். சிரித்த இடத்திலேயே தடக்கி விழுந்தாள். மணிக்கட்டு உடைந்தது. அன்றிலிருந்து சிறி அண்ணை மகளின் எந்த நிகழ்ச்சியையும் பார்ப்பதில்லை. கராத்தே பட்டி வாங்கிய நாள், பள்ளிக்கூட நாடகம், கடைசியாகப் பட்டமளிப்பு விழா, எல்லாவற்றுக்கும் அவர்தான் காரோட்டிக் கூட்டிப்போவார். வாகனத் தரிப்பிடத்தில் காருக்குள் இருந்து வானொலி கேட்பார். முடிந்ததும் கூட்டிவருவார்.

"கண்ணூறு எண்டு சொல்லுறது எல்லாம் எக்ஸ்கியூஸ், அன்ரி," என்று கஜனி ஒருநாள் லிஃப்டில் என்னிடம் சொன்னாள். "வர விருப்பமில்லை. தட்ஸ் இட்."

எனக்கு அப்போது ஒன்று தோன்றியது. பள்ளிக்கூட பஸ்ஸில் முன்னால், பக்கத்தில், மேலே என்று எத்தனையோ கண்ணாடிகள். ஊரார் பிள்ளைகளை அத்தனை கண்ணாடியிலும் பார்த்துப் பார்த்து வீதி கடக்க வைக்கிறவர் இவர். இதை நான் கஜனியிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அடுத்த தொடரில் பயன்படுத்தலாம் என்று எடுத்து வைத்துக்கொண்டேன். என் குணம் அப்படி.

ஆக, ஓகஸ்டிலிருந்து என் வேலை தொடங்கியது. முதல் ஆட்டத்தில் இடைவேளை வரைக்கும் நான் எதிரணிக்காக உருகிக்கொண்டிருந்தேன். எது ஜிரோனா என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை. நல்ல காலம், ஆட்டம் ஒன்றுக்கு ஒன்று என்று முடிந்ததால் என் கண்ணீர் எந்தப் பக்கத்துக்கும் நட்டமில்லாமல் போனது.

பிறகு பிடித்துக்கொண்டேன். எனக்குத் தெரிந்த ஒரே வழியில் சொன்னேன். ஜிரோனா, பெரிய வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டு வந்த ஏழை மருமகள். ரியல் மட்ரிட், நகைப்பெட்டியின் திறப்பை இடுப்பில் செருகியிருக்கும் மாமியார். பார்சிலோனா, அடுத்த தெருவில் இருந்துகொண்டு எதற்கும் மூக்கைச் சுளிக்கும் மூத்த மச்சாள்.

"அண்ணை, வலது பக்கத்தால ஒருத்தன் வாறான். தனிய வாறான். ஐயோ, அவனுக்கு ஆருமில்லை. இந்தப் பரந்த உலகத்தில ஆருமில்லை..."

"பிரதீபா, பந்து ஆரிட்டை?"

"பந்து அவனிட்டைத்தான் அண்ணை. ஆனால் அவன்ர முகத்தைப் பாத்தால்..."

"முகத்தை விடும். பாஸ் குடுத்தவனோ?"

பாலேஸ்வரி அக்கா இடையில் புகுவார். "பிரதீபா, கொஞ்சம் மெல்லமாச் சொல்லும். போனிலயும் கேக்குது, சுவராலயும் கேக்குது. ஒரு கோலை ரெண்டு தரம் கேக்கவேண்டிக் கிடக்கு."

செப்டெம்பர் முடிவில் மாமியார் வீடு வந்து மருமகளை மூன்றுக்குப் பூச்சியம் என்று அடித்துவிட்டுப் போனது. சிறி அண்ணைக்குக் காரணம் உடனே தெரிந்தது. முதல்நாள் சலூனில், அவருடைய நண்பர் பொன்னம்பலம் கைபேசியில் எதையோ காட்ட, அது ஜிரோனா அணியின் பயிற்சிப் படம். பார்த்துவிட்டார். கண்ணை மூடுவதற்குள் பார்த்துவிட்டார்.

"கண்ணூறு கழிச்சுவிடட்டே?" என்றார் பாலேஸ்வரி அக்கா.

"உது பட்ட ஆளுக்கெல்லோ கழிக்கிறது," என்றேன் நான். "இவர் போட்ட ஆள்."

"போட்டவருக்கும் ஒருக்காக் கழிச்சால் என்ன, குறைஞ்சு போவாரோ?"

உப்பும் செத்தல் மிளகாயும் எடுத்து அண்ணையின் தலையைச் சுற்றி, மின்னடுப்பில் ஒரு பழைய தாச்சியை வைத்து அதில் போட்டார். புகை எழும்பியது. கண்ணூறு போனதோ தெரியாது, புகை அலாரம் அடித்தது. பிறகு மாடி அலாரம், பிறகு கட்டடம் முழுக்க. நூற்றுக்கணக்கான சனம் படியால் இறங்கிப் புல்தரையில் இருமிக்கொண்டு நின்றது. தீயணைப்பு வீரர் வந்து என்ன சமையல் என்று கேட்டார். கஜனி எங்கள் மூன்று பேரையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, "ஸ்பானிஷ் ஃபூட்" என்றாள்.

ஆனால் மிளகாய் வேலை செய்தது என்றே சொல்லவேண்டும். மார்கழியில் ஜிரோனா, மூத்த மச்சாளின் வீட்டுக்கே போய் நாலுக்கு இரண்டு என்று வென்று, லீக்கின் உச்சியில் ஏறி உட்கார்ந்தது. அன்று நான் சொன்ன விதத்தை இப்போது நினைத்தாலும் தொண்டை அடைக்கிறது. முக்கியமாக, கத்தியதால் அடைத்தது. அதற்கு முந்திய கிழமை, தோற்கவிருந்த ஆட்டத்தில் வயதுபோன தலைவர் ஸ்துவானி இருக்கையிலிருந்து எழும்பி வந்து கடைசியில் இரண்டு கோல் போட்டார். அவருக்காக நான் என் தொடர்கதையில் நடுவயதுக் கதாநாயகன் ஒருவனையே உருவாக்கினேன். அவன் இன்னும் பெண் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

தை மாதம் பொன்னம்பலம் அண்ணையை லிஃப்டில் கண்டேன். அவர் ரியல் மட்ரிட் ஆள். என் ஏழை மருமகளைப் பற்றிக் கேள்விப்பட்டிருந்தார்.

"ஏழையோ? பிள்ளை, மன்செஸ்டர் சிட்டியை வைச்சிருக்கிற ஆக்கள்தான் உந்த ஜிரோனாவிலும் கிட்டத்தட்டப் பாதியை வைச்சிருக்கினம். எண்ணெய்க் காசு!"

என் மருமகளுக்கு வளைகுடாவில் ஒரு பணக்கார மாமன் இருந்திருக்கிறார். அரை வருடம் அவளுக்காக அழுத கண்ணீரை யாரிடம் போய்த் திரும்பக் கேட்பது? சிறி அண்ணையிடம் சொன்னேன். அவர் அசையவில்லை. "மாமன் காசு குடுப்பார். கோல் இவங்கள்தானே போடவேணும்," என்றார்.

மாசியில் மட்ரிட்டில் நாலுக்குப் பூச்சியம். கிண்ணக் கனவு அங்கேயே முடிந்தது. ஆனால் முதல் நாலு இடத்துக்குள் முடித்தால் ஐரோப்பாவின் பெரிய கிண்ணப் போட்டிக்குள் போகலாம். ஜிரோனா தன் சரித்திரத்தில் அங்கே போனதே இல்லை. அதைப் பற்றித்தான் ஏப்ரல் மாதத்து ஒரு பின்னேரம் அவர்கள் குசினியில் இருந்து கதைத்துக்கொண்டிருந்தோம். மே நாலாம் திகதி, சொந்த ஊரில், பார்சிலோனாவோடு ஆட்டம். வென்றால் இடம் உறுதி.

கஜனி வேலையால் வந்து மேலங்கியைக் கழற்றாமலே நின்றாள்.

"அப்பா, மே நாலாம் திகதி எனக்கும் மச்."

அவள் அந்தக் குளிர்காலத்தில் மத்தியஸ்தர் பயிற்சி எடுத்திருந்தாள். சின்னப் பெண்பிள்ளைகளின் ஆட்டங்களில் கோட்டோரம் கொடி பிடித்துக்கொண்டு ஓடியிருந்தாள். இப்போது முதல்முறையாக நடுவில் நின்று விசில் ஊதப்போகிறாள். மோர்னிங்சைட் பக்கத்துப் பூங்கா மைதானம். பகல் ஒரு மணி.

"நல்லது பிள்ளை. நான் கொண்டுபோய் விடுறன்," என்றார் சிறி அண்ணை.

"கார் பார்க்குக்கு இல்லை. கிரவுண்டுக்கு. நிண்டு பாக்கோணும்."

அவர் தேநீரைக் கலக்கினார். சீனி எப்போதோ கரைந்திருந்தது.

"இதுதான் அப்பா நான் கடைசியாக் கேக்கிறது. வராட்டில் இட்ஸ் ஓகே. இனிமேல் ஒண்டுக்கும் கேக்கமாட்டன்."

அழாமல் சொன்னாள். என் கதாநாயகிகள் யாருக்கும் வராத காரியம். சொல்லிவிட்டுத் தன் அறைக்குப் போனாள். கதவையும் மெல்லத்தான் சாத்தினாள். அறைந்து சாத்தியிருந்தால் எங்களுக்குக் கொஞ்சம் சுகமாக இருந்திருக்கும்.

என் மூளை ஒரு வழி கண்டுபிடித்தது. "அண்ணை, உங்கட கண் பட்டால் தோக்கும் எண்டுதானே பயம்? மத்தியஸ்தருக்குத் தோல்வி எங்கை இருக்கு? ஆர் வெண்டாலும் ஆர் தோத்தாலும் அவளுக்கு ஒண்டுதானே?"

சட்டத்தரணிபோல நிமிர்ந்து இருந்தேன். சிறி அண்ணை என்னைப் பார்க்காமல் கரண்டியைப் பார்த்தார்.

"விழுந்தால்?" என்றார்.

அந்த ஒரு சொல்லோடு என் வழக்கு முடிந்தது. பத்தி பத்தியாக எழுதுகிறவள் நான்.

மே நாலாம் திகதி வந்தது. சிறி அண்ணை போகிறேன் என்று சொல்லிவிட்டார். போனார். மைதானத்துக்குள்ளும் போனார். போய், கோட்டோரம், மைதானத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, வாகனத் தரிப்பிடத்தைப் பார்த்தபடி நின்றார். காதில் என் குரல். இனி வருபவை அந்தக் கைபேசிக்குள்ளால் எனக்குக் கேட்டவை, மிச்சம் பாலேஸ்வரி அக்கா பிறகு சொல்லி நான் நிரப்பியவை.

"இஞ்சேருங்கோ, திரும்புங்கோ. சனம் ஒரு மாதிரிப் பாக்குது."

"வாறன் எண்டன். வந்திட்டன்."

"பிள்ளை கண்டிட்டுது. முகம் செத்துப்போச்சு."

"முதுகை அவள் பாக்கட்டும். முதுகில கண்ணூறு இல்லை. பிரதீபா, நீர் சொல்லும்."

நான் சொன்னேன். ஆட்டம் தொடங்கி மூச்சு விடுவதற்குள் பார்சிலோனா ஒரு கோல். அடுத்த நிமிடமே எங்கள் டோவ்பிக் ஒரு கோல். நான் கதிரையில் இருந்து எழும்பி இருந்து எழும்பி, கடைசியில் நின்றுகொண்டே பார்த்தேன். இடைவேளைக்குச் சற்று முன்னால் பெனல்ரி. ஜிரோனாவுக்கு அல்ல. பார்சிலோனாவுக்கு இரண்டாவது கோல்.

"அண்ணை, மச்சாள் நடுக்கூடத்தில நிண்டு சிரிக்கிறாள்..."

"எனக்கு விளங்குது. ரெண்டுக்கு ஒண்டு."

அவர் குரலுக்குப் பின்னால் காற்று. சின்னப் பெண்களின் கீச்சுக் குரல்கள். இடையிடையே ஒரு விசில். ஒவ்வொரு விசிலுக்கும் சிறி அண்ணை, "இப்ப என்னத்துக்கு ஊதினவள்?" என்று கேட்பார். பாலேஸ்வரி அக்கா, "எனக்கென்ன தெரியும்? திரும்பிப் பாருங்கோவன்," என்பார்.

இரண்டாம் பாதி. ஜிரோனா, போர்த்து என்றொருவரை உள்ளே அனுப்பியது. அவர் முன்பு ஜிரோனாவில் விளையாடி, விட்டுவிட்டுப் போய், வேறு வீடுகளில் இருந்துவிட்டுத் திரும்பி வந்தவர். எனக்கு வேறென்ன வேண்டும்? உள்ளே வந்த கையோடு கோல் போட்டார்.

"அண்ணை! வீட்டை விட்டுப் போன பிள்ளை திரும்பி வந்திட்டான்! வாசல்ல செருப்பைக் கழட்ட முதல் கோல் போட்டிட்டான்! அண்ணை, ரெண்டுக்கு ரெண்டு!"

அதே நேரம் அந்தப் பக்கம் நீண்ட ஒரு விசில் கேட்டது. பிறகு ஓர் ஆணின் தடித்த குரல், ஆங்கிலத்தில்: "ஏய் ரெஃப்! உனக்கென்ன, கண் தெரியாதா?"



"ஆரடா அது?"

பள்ளிக்கூட பஸ்ஸில் பின் இருக்கைப் பிள்ளைக்கும் கேட்கிற குரல் அது. என் காது அடைத்தது.

"ஆருக்குக் கண் தெரியாது? என்ர பிள்ளைக்கோ? அவளுக்கு நல்லாக் கண் தெரியும்!"

திரும்பிவிட்டார். திரும்பியது மட்டுமில்லை, கத்திய மனிதரை நோக்கி நடந்ததில் கோட்டைத் தாண்டி மைதானத்துக்குள்ளும் போய்விட்டார். பதின்மூன்று வயதுப் பிள்ளைகள் பந்தை விட்டுவிட்டு இவரைப் பார்த்தார்கள். மறுபடி விசில். ஓடிவரும் காலடி. பிறகு கஜனியின் குரல், எனக்குப் பழக்கமில்லாத ஒரு குரல்.

"சேர், ப்ளீஸ் ஸ்டெப் பிஹைண்ட் த லைன்."

அவர் நகரவில்லைப் போலும்.

"சேர்." பிறகு, மூச்சுக் குரலில்: "அப்பா, பின்னால போங்கோ."

"ஓம். ஓம், ரெஃப். போறன், போறன். சொறி."

"நீங்களும்தான்," என்று அவள் அந்தத் தடித்த குரலுக்கும் ஆங்கிலத்தில் சொன்னது கேட்டது. "இன்னொரு முறை இப்படிக் கத்தினால் ஆட்டத்தை நிறுத்துவேன்." பிறகு விசில்.

இங்கே ஜிரோனா மூன்றாவது கோலைப் போட்டுவிட்டது. நான் சொன்னேன். என் வாழ்க்கையில் அதைவிட நன்றாக எதையும் சொன்னதில்லை. நாலாவதையும் போர்த்துவே போட்டார். அதையும் சொன்னேன். மருமகள் கூந்தலை முடித்துக்கொண்டு நிமிர்ந்து நின்றாள், மச்சாள் பந்தலைவிட்டு வெளியேறினாள். அந்தப் பக்கம் காற்று மட்டும் இரைந்தது.

"அண்ணை? கேக்குதோ? நாலுக்கு ரெண்டு! ஐரோப்பா, அண்ணை!"

"பிரதீபா, கொஞ்சம் பொறும்," என்றார் சிறி அண்ணை. "இஞ்ச கோர்ணர் அடிக்கினம்."

நடுவில் என் கதையை நிறுத்தச் சொன்ன முதல் ஆள் அவர்தான். எனக்குச் சுருக்கென்றது. போனை வைத்துவிடலாமா என்றுகூட நினைத்தேன். அதற்குள் அவரே மெல்லச் சொல்லத் தொடங்கினார்.

"பிள்ளை ஓடுறாள். ... நிண்டிட்டாள். கையைத் தூக்குறாள். ... இப்ப பின்பக்கமா ஓடுறாள், பிரதீபா. பின்பக்கமா! திரும்பிப் பாக்காமல் ஓடுறாள். விழேல்லை."

உவமை இல்லை, மாமியார் இல்லை, மழை இல்லை. எனக்கு முன்னால் தொலைக்காட்சியில் ஜிரோனாவின் மொந்திலிவி மைதானம் முழுக்க எழும்பிக் குதித்துக்கொண்டிருந்தது. நான் தொலைக்காட்சியின் சத்தத்தைக் குறைத்துவிட்டு, மோர்னிங்சைட்டில் ஒரு பெண் விழாமல் ஓடுவதைக் காதால் பார்த்து அழுதுகொண்டிருந்தேன். அவர் அழவில்லை. பாலேஸ்வரி அக்கா சத்தியம் பண்ணிச் சொன்னார்.

கடைசி விசில் கேட்டதும், "ஆர் அண்ணை வெண்டது?" என்று கேட்டேன்.

"ஆர் வெண்டதோ? அதை நான் பாக்கேல்லையே," என்றார்.

அன்று பின்னேரம் அவர்கள் வீட்டில் ஒரு பெரிய காட்சியை எதிர்பார்த்து, கைப்பையில் கடதாசிக் கைக்குட்டைப் பெட்டியோடு போனேன். ஜிரோனாவின் வெற்றிக்கு வந்ததாக ஒரு பொய்க் காரணமும் வைத்திருந்தேன். கஜனி சோபாவில் காலை நீட்டி மட்டன் ரோல்ஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். காலுறை முழுக்கச் சேறு. சிறி அண்ணை எதிரே கதிரை நுனியில் இருந்தார்.

"என்ர மானத்தை வாங்கிட்டீங்கள், அப்பா. ஃபர்ஸ்ட் மச்! எனக்கு இருந்த ஒரேயொரு ப்ரொப்ளம் நீங்கள்தான்."

"அவன் கத்தினான், பிள்ளை."

"கத்துவாங்கள். தட்ஸ் த ஜொப். அதை நான் பாப்பன். அடுத்த முறை கோட்டைத் தாண்டினீங்கள் எண்டால் கார் பார்க்குக்கு அனுப்பிவிடுவன்."

"கார் பார்க் எனக்குப் பழக்கம்தானே," என்றார் சிறி அண்ணை.

கஜனி அவரைப் பார்த்தாள். ரோல்ஸ் புரைக்கேறுமளவுக்குச் சிரித்தாள். அவர் எழும்பி அவள் தலையில் தட்டித் தண்ணீர் கொடுத்தார். கட்டிப்பிடிக்கவில்லை. ஒருவரும் ஒருவரிடமும் மன்னிப்புக் கேட்கவில்லை. நான் கைக்குட்டைப் பெட்டியைத் திறக்காமலே வீட்டுக்குக் கொண்டுவந்தேன். இப்படி எழுதினால் ஆசிரியர் திருப்பி அனுப்பிவிடுவார்.

"அடுத்த முறை" என்று அவள் சொன்னதை, தேநீர் போடும்போதுதான் கவனித்தேன்.

பருவகாலம் முடிய இன்னும் சில ஆட்டங்கள் இருந்தன. ஒரு ஞாயிற்றுக்கிழமை பகல், ஜிரோனா வலென்சியாவில் விளையாடியது. நேரத்துக்குப் போன் எடுத்தேன்.

"இண்டைக்குச் சரிவராது பிள்ளை. கஜனிக்கு மச். நாங்கள் கிரவுண்டில நிக்கிறம்."

தனியே பார்த்தேன். முதலாவது கோலுக்குப் பழக்கத்தில் சுவரைப் பார்த்துச் சொன்னேன். சுவருக்கு அந்தப் பக்கம் ஒருவரும் இல்லை. சத்தத்தைக் குறைக்கச் சொல்லக்கூட ஆளில்லை. மூன்றுக்கு ஒன்று என்று வென்றார்கள். ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை. கேட்க ஆளில்லாவிட்டால் எனக்கு அழக்கூட வராது என்பதை இந்த வயதில் கண்டுபிடித்தேன்.

ஆட்டம் முடிந்து கொஞ்ச நேரத்தில் போன் அடித்தது.

"என்ன மாதிரி?" என்றார் சிறி அண்ணை.

"வெண்டிட்டுது அண்ணை! கேளுங்கோ, முதலில வானம் இருண்டு..."

"சரி, சரி. அது நல்லது. பிறகு ஆறுதலாச் சொல்லும். இப்ப நீர் இதைக் கேளும். இண்டைக்கு ஒரு த்ரோ குடுக்கவேண்டி வந்தது. பந்து கோட்டை ஒரு நூலளவுதான் தாண்டினது. நல்லாக் கேளும், நூலளவுதான். எல்லாப் பெட்டையளும் கையைத் தூக்கினம். தாய்மாரும் கத்தினம். கஜனி என்ன செய்தவள் தெரியுமோ? பொறும், அதுக்கு முதல் அவள் எங்க நிண்டவள் எண்டு சொல்லவேணும்..."

நான் சோபாவில் சாய்ந்தேன். தேநீர் ஆறியது. வெளியே வெயில் பக்கத்துக் கட்டடத்தின் சுவரில் ஏறி மேலே போனது. அவர் இன்னும் பந்தை எறியவில்லை. கதாநாயகியைப் படியிலிருந்து விழுத்த மூன்று வாரம் எடுத்தவள் நான். நானே கெஞ்சிக் கேட்கவேண்டியதாயிற்று.

"அண்ணை, கடைசியில பந்து ஆருக்கு?"

"அவசரப்படாதையும்," என்றார்.